ரஷ்ய பாலேயின் உயிர் பள்ளிக்கூடத்தில் இருக்கிறது

ரஷ்ய பாலே என்றதும் நம்மில் பலருக்கு வெள்ளை உடையில் அன்னம் போல ஆடும் பெண்களும், ‘ஸ்வான் லேக்’ இசையும், போல்ஷாய் தியேட்டரின் தூண்களும்தான் நினைவுக்கு வரும். அதில் தப்பில்லை. ஆனால் கொஞ்சம் உள்ளே போய்ப் பார்த்தால் ஒரு விஷயம் விசித்திரமாக இருக்கும். பாலே ரஷ்யாவில் பிறந்ததே இல்லை. இத்தாலிய அரண்மனை விருந்துகளில் முளைத்து, பிரான்சில் பதினான்காம் லூயி மன்னர் 1661-இல் நடனத்துக்கென்று ஒரு அகாதெமியே தொடங்கி, அங்கே இலக்கணம் பெற்ற கலை அது. இன்றும் மாஸ்கோவிலோ பீட்டர்ஸ்பர்க்கிலோ ஒரு வகுப்புக்குள் போனால் ஆசிரியர் சொல்லும் அடவுப் பெயர்கள் எல்லாம் பிரெஞ்சுதான். அப்படியிருக்க, உலகம் முழுக்க பாலே என்றால் ரஷ்யா என்று ஆனது எப்படி?

ஜார் மன்னர்கள் பணத்தைக் கொட்டினார்கள், சோவியத் அரசு பிரச்சாரத்துக்குப் பயன்படுத்திக்கொண்டது என்பதுதான் வழக்கமாகக் கிடைக்கும் பதில். இரண்டும் உண்மை. ஆனால் பணமும் பிரச்சாரமும் மட்டும் இருந்தால் ஒரு கலை 280 ஆண்டுகளுக்கு மேல், அதுவும் ஒரு புரட்சியையும் இரண்டு உலகப் போர்களையும் தாண்டி நிற்காது. என் பார்வையில் விடை பள்ளிக்கூடத்தில் இருக்கிறது. ரஷ்யர்கள் பாலேயைக் கண்டுபிடிக்கவில்லை, அதைக் கற்றுக்கொடுக்கும் முறையைத்தான் வேறு எவரும் செய்யாத அளவுக்குக் கெட்டியாகக் கட்டினார்கள்.

தொடக்கம் 1738. பேரரசி அன்னா இவானோவ்னாவின் காலம். ஜான் பாப்டிஸ்ட் லாந்தே என்ற பிரெஞ்சு நடன ஆசிரியர், பீட்டர்ஸ்பர்க் குளிர்கால அரண்மனையில் 12 பையன்கள், 12 பெண்கள் என்று 24 பிள்ளைகளை வைத்து ஒரு பள்ளி தொடங்குகிறார். யார் இந்தப் பிள்ளைகள்? பிரபுக்களின் வாரிசுகள் இல்லை, அரண்மனையில் வேலை பார்த்தவர்களின் பிள்ளைகள். மாஸ்கோவில் இன்னும் கீழிருந்து தொடங்கியது: 1773-இல் அங்கிருந்த அநாதை இல்லத்தில் பிலிப்போ பெக்காரி என்ற இத்தாலியர் நடனம் கற்பிக்க ஆரம்பித்தார், பின்னாளில் போல்ஷாயாக வளர்ந்த குழுவுக்கு முதல் ஆட்கள் அங்கிருந்துதான் வந்தார்கள். இன்னொரு பக்கம், பெரிய நிலப்பிரபுக்கள் தங்கள் பண்ணையடிமைகளையே பயிற்றுவித்துச் சொந்த நாடகக் குழு வைத்திருந்தார்கள். ஷெரெமெத்யேவ் பிரபுவின் குழுவில் இருந்த பெண்களுக்கு முத்து, மாணிக்கம் என்கிற மாதிரி ரத்தினங்களின் பெயரைச் சூட்டி மேடை ஏற்றினார்கள். பெயர் என்னவோ ரத்தினம், வாழ்க்கை அடிமை வாழ்க்கை. ரஷ்ய பாலேயின் அழகைப் பேசும்போது இந்த அடித்தளத்தை மறைத்துவிட்டுப் பேசக் கூடாது என்று நினைக்கிறேன்.

இந்த ஏழைப் பிள்ளைகளுக்கு அரசுப் பள்ளி என்ன கொடுத்தது என்பதில்தான் பாரிஸுக்கும் பீட்டர்ஸ்பர்க்குக்கும் உள்ள வேறுபாடு இருக்கிறது. பாரிஸ் ஓபரா 1831-இல் தனியார் நிர்வாகத்துக்குப் போனது. அதன்பின் பணக்காரச் சந்தாதாரர்கள் மேடைக்குப் பின்னால் இருந்த நடனக் கூடத்துக்கே வந்து போகலாம் என்றானது, அடிமட்டச் சம்பளத்தில் இருந்த பெண்கள் அவர்களை அண்டி வாழும் நிலை. ஆண் ஆட்டக்காரர்களுக்கு மதிப்பே இல்லாமல் போய், 1870-இல் ‘கொப்பேலியா’ அரங்கேறியபோது கதாநாயகன் வேஷத்தைக் கூட ஒரு பெண்தான் ஆடினார். அதே காலத்தில் பீட்டர்ஸ்பர்க்கில் பிள்ளைகள் அரசுச் செலவில் பள்ளியிலேயே தங்கிப் படித்தார்கள், படித்து முடித்ததும் அரசு நாடகசாலையில் வேலை, அதற்கு ஒரு பதவி வரிசை, 20 ஆண்டு ஆடினால் ஓய்வூதியம். பீட்டர்ஸ்பர்க்கிலும் பிரபுக்களின் கை நீளாமல் இல்லை. ஆனால் ஆடுகிறவருக்குக் காலடியில் ஒரு தரை இருந்தது, ஆண்களும் முழுதாகப் பயிற்சி பெற்றார்கள். பாரிஸில் கலை மெலிந்துபோனபோது அங்கிருந்த நல்ல ஆசிரியர்கள் வேலை தேடி எங்கே போவார்கள்? நேராக ரஷ்யாவுக்கு.

அப்படித்தான் வரிசையாக வந்தார்கள். 1801-இல் ஷார்ல் திதெலோ. அவருடைய மாணவி இஸ்தோமினாவின் ஆட்டத்தைக் கவிஞர் புஷ்கின் ‘யெவ்கெனி ஒனேகின்’ காவியத்திலேயே பாடியிருக்கிறார். பிறகு மரி தாலியோனி, ஜூல் பெரோ, ஸ்வீடனிலிருந்து கிறிஸ்டியன் யோஹான்சன். 1847-இல் மார்செய் நகரத்துக்காரரான மரியுஸ் பெட்டிபா. 29 வயதில் வந்தவர் 1910-இல் சாகும்வரை ரஷ்யாவை விட்டுப் போகவில்லை, ஆனால் ரஷ்ய மொழி கடைசிவரை அவர் நாக்கில் ஒழுங்காகப் படியவில்லை. இன்று நாம் ரஷ்ய பாலே என்று சொல்லும் பெரிய படைப்புகளில் பெரும்பாலானவை இந்தப் பிரெஞ்சுக்காரர் அமைத்தவை. வீட்டில் மேஜைமேல் சதுரங்கக் காய்கள் மாதிரி சின்னச் சின்ன உருவங்களை நகர்த்தி, எந்த வரிசை எங்கே நிற்க வேண்டும் என்று பார்த்துவிட்டுத்தான் ஒத்திகைக்குப் போவாராம்.

பெட்டிபாவின் படைப்புகளில் ஒன்றை மட்டும் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம், ஏனென்றால் ரஷ்ய பாலேயின் முழு வரலாறும் அதில் தெரிகிறது. 1877 பிப்ரவரியில் பீட்டர்ஸ்பர்க்கில் அரங்கேறிய ‘லா பாயதேர்’. கோவிலில் ஆடும் தேவதாசி நிக்கியா, அவளைக் காதலிக்கும் வீரன் சோலோர், அவனைத் தன் மகள் கம்சாத்திக்குக் கட்டிவைக்க நினைக்கும் ராஜா, பூக்கூடைக்குள் பாம்பை வைத்து நிக்கியாவைக் கொல்வது, இப்படிப் போகும் கதை. மேடையில் காட்டிய இந்தியா முழுக்கக் கற்பனை இந்தியா. மின்குஸின் இசையும் வியன்னா வால்ட்ஸ்தான்.

ஆனாலும் இந்தக் கற்பனைக்குப் பின்னால் நம் ஊர்ப் பெண்கள் இருக்கிறார்கள். 1838-இல் கடலூர் பக்கம் உள்ள திருவந்திபுரத்திலிருந்து தேவதாசிகள் சிலரும் அவர்களுடைய இசைக்காரர்களும் புதுச்சேரி வழியாகப் பாரிஸுக்கு அழைத்துப் போகப்பட்டார்கள். பாரிஸிலும் லண்டனிலும் ஆடினார்கள். அதில் அமனி என்ற பெண்ணின் ஆட்டத்தில் மயங்கி தெயோஃபில் கோத்தியே என்ற எழுத்தாளர் பத்திரிகையில் உருகி எழுதினார். அதே கோத்தியே பின்னால் 1858-இல் சகுந்தலை கதையை வைத்துப் பாரிஸ் ஓபராவுக்கு ஒரு பாலே எழுதினார், அதற்கு நடனம் அமைத்தவர் லூசியன் பெட்டிபா, நம் மரியுஸின் அண்ணன். திருவந்திபுரத்துச் சதிர் நேராக பீட்டர்ஸ்பர்க் மேடைக்குப் போனது என்று நான் சொல்லவில்லை, அசைவில் ஒன்றும் போகவில்லை. ஆனால் இந்தியக் கோவில் நடனக்காரி என்ற உருவத்தின்மேல் ஐரோப்பாவுக்கு இருந்த மோகத்தில் அந்தப் பெண்களுக்குப் பெரிய பங்கு உண்டு. மரியுஸ் குடும்பத்துக்கு அது ரொம்பவே பக்கத்தில் நடந்த விஷயம்.

சரி, ‘லா பாயதேர்’ ஏன் இத்தனை முக்கியம்? நிழல்களின் உலகம் என்கிற ஒரே ஒரு காட்சிக்காக. நிக்கியா செத்துவிட்டாள், துக்கத்தில் சோலோர் அபின் புகைத்து மயக்கத்தில் கிடக்கிறான். மேடையின் பின்னால் ஒரு சரிவுப் பாதை. அதன் உச்சியில் வெள்ளை உடையில் ஒரு பெண் வருகிறாள். ஒரு காலை முன்னால் மடித்து ஊன்றி இன்னொரு காலைப் பின்னால் நேராக நீட்டும் அரபெஸ்க், பிறகு உடலைப் பின்னுக்குச் சாய்த்துக் கைகளைத் தலைக்கு மேல் தூக்குவது, இரண்டு அடி நடப்பது. அவ்வளவுதான். அவள் ஒரு படி முன்னால் வந்ததும் அவளுக்குப் பின்னால் இன்னொருத்தி அதையே செய்கிறாள், பிறகு மூன்றாமவள், இப்படியே 32 பேர் வளைந்து வளைந்து இறங்கி மேடையை நிறைக்கிறார்கள். 1900-இல் பெட்டிபாவே மறுபடி மேடையேற்றியபோது 48 பேர். முதலில் இறங்கியவள் கடைசி ஆள் வந்து சேரும்வரை அதே அரபெஸ்கைத் திரும்பத் திரும்பச் செய்துகொண்டே இருக்க வேண்டும், அதுவும் சரிவில், மெதுவான இசையில், கால் நடுங்காமல். இதில் குதிப்பதோ சுழல்வதோ எதுவும் இல்லை. ஒரே ஒரு பெண்ணின் கால் இரண்டு விரல்கடை உயர்ந்தாலும் அரங்கமே கண்டுபிடித்துவிடும். ஒரே பள்ளியில் ஒரே முறையில் பத்து வயதிலிருந்து வளர்ந்த 32 உடல்கள் இருந்தால்தான் இந்தக் காட்சி நிற்கும். நட்சத்திரங்களை வெளியூரிலிருந்து வரவழைக்கலாம், இந்த வரிசையை வரவழைக்க முடியாது.

நட்சத்திரங்கள் வெளியூரிலிருந்துதான் வந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். 1880களின் பிற்பாதியில் இத்தாலியர்கள் வந்து குவிந்தார்கள். 1887-இல் வந்த என்ரிகோ செக்கெத்தி பிறகு பீட்டர்ஸ்பர்க் பள்ளியிலேயே ஆசிரியர் ஆனார். பியெரினா லென்யானி ஒரு காலை ஊன்றி மறுகாலைச் சாட்டை போல வீசித் தொடர்ந்து 32 முறை சுழன்று காட்டினார், ஃபுவெத்தே என்பது அதுதான். 1895-இல் ‘ஸ்வான் லேக்’ மூன்றாம் அங்கத்தில் அதை வைத்தார்கள், இன்றுவரை கறுப்பு அன்னம் ஆடுகிற ஒவ்வொருவரையும் அந்த 32-ஐ வைத்துத்தான் எடை போடுகிறார்கள். ரஷ்ய ஆட்டக்காரர்கள் என்ன செய்தார்கள்? கவனித்துப் பார்த்தார்கள். ஒவ்வொரு சுற்றிலும் பார்வையை ஒரே புள்ளியில் நிறுத்தித் தலையைக் கடைசி நொடியில் திருப்புவதில்தான் சூட்சுமம் இருக்கிறது என்று பிடித்துக்கொண்டார்கள். மதில்தா க்ஷெசின்ஸ்காயா அதைச் செய்து காட்டிய முதல் ரஷ்யக்காரி ஆனார். பிரெஞ்சு மென்மை, ஸ்வீடன்காரர் யோஹான்சன் கொண்டுவந்த துல்லியம், இத்தாலிய வேகமும் பலமும், எல்லாவற்றையும் பள்ளிக்கூடம் உள்வாங்கிக்கொண்டது.

‘ஸ்வான் லேக்’ கதையும் இதே மாதிரிதான். 1877-இல் மாஸ்கோவில் ரைசிங்கர் என்பவர் அமைத்து அரங்கேற்றியபோது பெரிய வரவேற்பு இல்லை. அதற்கு இசையமைத்த சாய்கோவ்ஸ்கி 1893-இல் இறந்த பிறகு, 1895-இல் பெட்டிபாவும் ரஷ்யரான லெவ் இவானோவும் பீட்டர்ஸ்பர்க்கில் புதிதாக அமைத்ததுதான் இன்று உலகம் அறிந்த ‘ஸ்வான் லேக்’. ஏரிக்கரைக் காட்சிகள் இவானோவுடையவை, ஆனால் புகழ் முழுக்க பெட்டிபாவுக்குப் போய்விட்டது, இவானோவ் வறுமையில் இறந்தார். இடையில் 1890-இல் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’, 1892-இல் ‘நட்கிராக்கர்’. பெட்டிபா சாய்கோவ்ஸ்கிக்கு எழுதிக்கொடுத்த குறிப்புகளைப் பார்த்தால் ஆச்சரியமாக இருக்கும், கிறிஸ்துமஸ் மரம் வளரும் இடத்துக்கு 48 தாள அளவு இசை வேண்டும், அது படிப்படியாகப் பெருகி உச்சத்துக்குப் போக வேண்டும் என்று கணக்குப் போட்டுக் கேட்கிறார். அந்தக் கணக்குக்குள் இருந்துகொண்டே சாய்கோவ்ஸ்கி என்ன இசையைக் கொடுத்தார் என்பது கேட்டவர்களுக்குத் தெரியும்.

அப்புறம் தியாகிலெவ், ரஷ்ய ஆட்டக்காரர்களை வைத்து வெளிநாட்டில் குழு நடத்தியவர். அவரைப் பற்றி ஏற்கனவே நிறைய எழுதியிருக்கிறார்கள், அதனால் சுருக்கமாக. 1909-இல் பாரிஸில் அவர் காட்டிய ரஷ்ய பாலே ஐரோப்பாவை உலுக்கியது. நடனம் அமைத்த ஃபோகின், ஆடிய நிஜின்ஸ்கி, இசையமைத்த ஸ்ட்ராவின்ஸ்கி, 1913-இல் ‘வசந்தத்தின் சடங்கு’ அரங்கேறியபோது நடந்த கூச்சல் குழப்பம் எல்லாம் அந்தக் காலம். அந்தக் குழு ஒருமுறை கூட ரஷ்யாவில் ஆடியதில்லை. 1929-இல் தியாகிலெவ் இறந்தபின் அந்தக் குழுவில் இருந்தவர்கள் சிதறிப் போய் அங்கங்கே விதைத்தார்கள். பீட்டர்ஸ்பர்க் பள்ளியில் படித்த பலன்ஷின் 1934-இல் நியூயார்க்கில் முதலில் தொடங்கியது குழு இல்லை, பள்ளி. எங்கே படித்தவர் என்பது அதிலேயே தெரிகிறது.

அதே பள்ளியில் படித்த இன்னொருவர் அன்னா பாவ்லோவா, சலவைத் தொழிலாளியின் மகள். 1920களின் இறுதியில் ஆஸ்திரேலியா போகும் கப்பலில் அவரும் ருக்மிணி தேவி அருண்டேலும் சந்தித்தது தமிழ்நாட்டில் பலருக்குத் தெரிந்த கதை. பாவ்லோவாவின் குழுவில் இருந்த கிளியோ நோர்டியிடம் ருக்மிணி தேவி பாலே கற்றார், உங்கள் நாட்டுக் கலையைத் தேடிப் போங்கள் என்று பாவ்லோவா அவரிடம் சொன்னார் என்பார்கள். பின்னர் அவர் பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் கற்று 1935-இல் அடையாறில் ஆடியதும், 1936-இல் கலாக்ஷேத்ரா தொடங்கியதும் வரலாறு. ஆனால் இந்தக் கதையைச் சொல்கிற விதத்தில் எனக்கு ஒரு வருத்தம் உண்டு. பாவ்லோவா சொன்ன ஒரு சொல்லால் பரதம் பிழைத்தது என்கிற மாதிரி சிலர் சொல்லிவிடுகிறார்கள். அந்தக் கலையைத் தலைமுறை தலைமுறையாக உடம்பில் சுமந்தவர்கள் நட்டுவனார்களும் திருவந்திபுரத்து அமனி போன்ற பெண்களும்தான். பாவ்லோவா ஒரு தூண்டுதல், அவ்வளவுதான்.

ரஷ்யாவுக்குத் திரும்புவோம். 1917 புரட்சிக்குப் பிறகு பாலேவுக்கு உயிர் தப்புமா என்பதே கேள்வியாக இருந்தது. ஜாரின் பணத்தில் வளர்ந்த கலை, ஜாரின் உறவினர்கள் முதல் வரிசையில் உட்கார்ந்து பார்த்த கலை. நாட்டில் பஞ்சம், விறகு இல்லை. 1921, 22 வாக்கில் போல்ஷாயை மூடிவிடலாம் என்று லெனினே சொன்னார், கல்வித்துறை அமைச்சராக இருந்த லுனாசார்ஸ்கி விடாமல் போராடிக் காப்பாற்றினார். தொழிலாளிக்கும் இந்தக் கலை வேண்டும் என்பது அவர் வாதம். சிறந்த ஆட்டக்காரர்கள் பலர் வெளிநாடு போய்விட்டார்கள். மிச்சமிருந்த சொத்து பள்ளிதான்.

அங்கேதான் அக்ரிப்பினா வகனோவா வருகிறார். பீட்டர்ஸ்பர்க்கின் அரசு நாடகசாலையான மரீன்ஸ்கி தியேட்டரில் டிக்கெட் பார்த்து இடம் காட்டும் வேலையில் இருந்தவரின் மகள். 1897-இல் பள்ளி முடித்தவருக்குப் பாலரீனா பட்டம் கிடைத்தது 1915-இல், அடுத்த ஆண்டே ஓய்வு. அழகி என்று யாரும் சொன்னதில்லை, பெட்டிபாவே தன் நாட்குறிப்பில் அவர் ஆட்டத்தைக் கடுமையாகக் குறை சொல்லியிருக்கிறார். இயல்பாக எதுவும் வராததால்தான் ஒவ்வொரு அசைவையும் பிரித்துப் பிரித்து, இது ஏன் வரவில்லை, எந்தத் தசை தடுக்கிறது, இத்தாலிய மாணவிக்கு மட்டும் ஏன் சுழற்சி வருகிறது என்று யோசித்தார். 1920களின் தொடக்கத்தில் ஆசிரியரானபோது அந்த யோசனையெல்லாம் பாடமாக மாறியது, 1934-இல் புத்தகமாகவும் வந்தது. இயல்பாகவே எல்லாம் கைவந்த ஆட்டக்காரர் ஒருவரால் இப்படி ஒரு முறையை எழுதியிருக்க முடியாது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

முறை என்ன என்று கேட்டால், காலை மட்டும் பயிற்றுவிக்காதே, முழு உடம்பையும் ஒன்றாகப் பயிற்றுவி என்பதுதான் சாரம். அதற்கு நடுமுதுகுதான் வேர். குதிக்கும்போது கை சும்மா அலங்காரத்துக்கு இல்லை, கைதான் உடம்பைத் தூக்குகிறது. தலை, தோள், பார்வை மூன்றும் ஒவ்வொரு அடவிலும் எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்பது முதல் வருஷத்திலிருந்தே பாடத்தில் உண்டு. பத்து வயதில் சேர்க்கிறார்கள், எட்டு வருஷப் படிப்பு. சேர்க்கைத் தேர்வில் பிள்ளை ஆடத் தெரிந்திருக்க வேண்டியதில்லை, இடுப்பு மூட்டு எவ்வளவு வெளிப்பக்கம் திரும்புகிறது, பாதம் எவ்வளவு வளைகிறது, தாளம் காதில் ஏறுகிறதா, மருத்துவரின் பரிசோதனை என்று பல கட்டங்கள். முதல் வருஷத்தில் பிள்ளைகள் கைப்பிடிக் கம்பியைப் பார்த்து நின்று, இரண்டு கையாலும் அதைப் பிடித்துக்கொண்டு, முழங்காலை மடக்கும் பிளியேயையும் பாதத்தைத் தரையோடு தேய்த்து நீட்டும் டாண்டியூவையும் மெதுவாக, ரொம்ப மெதுவாகச் செய்துகொண்டிருப்பார்கள். இப்போதே சுழன்று காட்ட வேண்டும் என்ற அவசரமெல்லாம் கிடையாது. பியானோ வாசிப்பவர் கூடவே இருப்பார். மரத்தரை வழுக்காமல் இருக்க வகுப்புக்கு முன் பூவாளியால் தண்ணீர் தெளிக்கும் வழக்கம் உண்டு. பெரிய ஒத்திகை அறையின் தரை, மரீன்ஸ்கி மேடையைப் போலவே சரிவாக அமைந்தது, மேடை ஏறுகிற நாளில் உடம்புக்கு அது புதிதாக இருக்கக் கூடாது என்பதற்காக. வகுப்பு முடிந்ததும் ஆசிரியருக்கும் பியானோக்காரருக்கும் குனிந்து வணக்கம் சொல்லிவிட்டுத்தான் கலைவார்கள்.

பலன் சீக்கிரமே தெரிந்தது. 1925-இல் மரீனா செம்யோனவா, 1928-இல் கலீனா உலானோவா, 1931-இல் நடாலியா துதின்ஸ்கயா, எல்லாரும் வகனோவாவின் மாணவிகள். பள்ளி இருக்கும் ரோஸ்ஸி தெருவைப் பற்றி ஒரு செய்தி: தெருவின் நீளம் 220 மீட்டர், அகலம் 22 மீட்டர், இருபுறக் கட்டடங்களின் உயரமும் 22 மீட்டர். அளவு தப்பாத அந்தத் தெருவில் 1836 முதல் பள்ளி இருக்கிறது. போர்க்காலத்தில் லெனின்கிராட் (சோவியத் காலத்தில் பீட்டர்ஸ்பர்க்கின் பெயர்) முற்றுகைக்கு முன் பள்ளியையும் கீரோவ் குழுவையும் (மரீன்ஸ்கியின் அப்போதைய பெயர்) யூரல் பக்கம் பெர்ம் நகரத்துக்கு அனுப்பினார்கள். போர் முடிந்து எல்லாரும் திரும்பிப் போன பிறகும், அங்கே பிடித்த வேர் ஒரு தனிப் பள்ளியாக நின்றது. இன்று பெர்ம் பள்ளியும் ரஷ்யாவின் முக்கியமான பாலே பள்ளிகளில் ஒன்று. வகனோவா 1951-இல் இறந்தார், 1957-இல் பள்ளிக்கு அவர் பெயரை வைத்தார்கள்.

சோவியத் காலத்தை ஒரே நிறத்தில் தீட்ட முடியாது. ஒரு பக்கம் நாடு முழுக்கப் பள்ளிகள், தியேட்டர்கள், சாதாரண மக்களுக்குக் கட்டுப்படியான டிக்கெட். புரோகோஃபியேவ் இசையில் லவ்ரோவ்ஸ்கி அமைத்த ‘ரோமியோ ஜூலியட்’ 1940-இல் லெனின்கிராடில் ஆடப்பட்டது, உலானோவா ஜூலியட். 1956-இல் போல்ஷாய் லண்டனுக்குப் போனபோது அவருக்கு 46 வயது, ஆனாலும் மேடையில் பதினான்கு வயதுப் பெண்ணைத்தான் பார்த்தோம் என்று எழுதினார்கள். இன்னொரு பக்கம் பயம். ஷோஸ்தகோவிச்சின் இசையில் வந்த ‘பிரைட் ஸ்ட்ரீம்’ பாலேயை 1936 பிப்ரவரியில் கட்சிப் பத்திரிகையான ‘பிராவ்தா’ கண்டித்து எழுதியது, உடனே நிறுத்தினார்கள். அதன் கதையை எழுதியவர்களில் ஒருவரான பியோத்ரோவ்ஸ்கி அடுத்த ஆண்டு சுட்டுக் கொல்லப்பட்டார். மாயா பிளிசெட்ஸ்காயாவின் தந்தையை 1938-இல் சுட்டார்கள், தாயைச் சிறைமுகாமுக்கு அனுப்பினார்கள், சிறுமியை வளர்த்தது போல்ஷாயில் ஆடிக்கொண்டிருந்த சித்தி சுலமித். அந்தப் பிள்ளைதான் பின்னாளில் வெளிநாட்டுத் தலைவர்கள் வரும்போதெல்லாம் அரசு பெருமையோடு ‘ஸ்வான் லேக்’ ஆட வைத்த பாலரீனா. ஆனால் 1959 வரை பெரிய வெளிநாட்டுப் பயணங்களுக்கு அவரை விடவில்லை.

மேற்கு நாடுகளுக்கு ஓடிப்போன ஆட்டக்காரர்களும் உண்டு. 1961 ஜூன் 16 அன்று பாரிஸ் விமான நிலையத்தில் நூரெயெவ், 1970-இல் மகரோவா, 1974-இல் டொரொன்டோவில் பரிஷ்னிகோவ். பத்திரிகைகள் உளவுக்கதை மாதிரி எழுதின. நான் கவனிப்பது வேறு ஒன்றை. நூரெயெவுக்கும் பரிஷ்னிகோவுக்கும் ஒரே ஆசிரியர், அலெக்சாண்டர் புஷ்கின் (கவிஞர் இல்லை, அதே பெயர் கொண்ட நடன ஆசிரியர்). உஃபா நகரத்திலிருந்து 17 வயதில், பாலேவைப் பொறுத்தவரை ரொம்பவும் தாமதமாக வந்து சேர்ந்த நூரெயெவைத் தன் வீட்டிலேயே தங்க வைத்துச் சோறு போட்டு வளர்த்தவர். குரல் உயர்த்தாத மனிதர், பாடத்தின் வரிசையை அமைக்கிற விதத்திலேயே மாணவனின் உடம்புக்குப் பதில் கிடைத்துவிடும் என்று அவரிடம் படித்தவர்கள் சொல்வார்கள். நூரெயெவ் போனதற்காக விசாரணைகளை எதிர்கொண்டு, அதன் பிறகும் பரிஷ்னிகோவை உருவாக்கினார். அந்த இரண்டாவது மாணவனும் போவதைப் பார்க்க அவர் இல்லை, 1970-இலேயே இறந்துவிட்டார்.

இந்த ஓட்டத்தால் ‘லா பாயதேர்’ உலகத்துக்குக் கிடைத்தது. 1961-இல் கீரோவ் குழு பாரிஸில் நிழல்கள் காட்சியை ஆடும்வரை மேற்கு நாடுகளில் அதைப் பார்த்தவர்கள் மிகக் குறைவு. 1963-இல் நூரெயெவ் அந்தக் காட்சியை லண்டன் ராயல் பாலேவுக்குக் கற்றுக்கொடுத்தார், 1980-இல் மகரோவா முழு பாலேயையும் நியூயார்க்கில் மேடையேற்றினார், 1992-இல் நூரெயெவ் சாகும் தறுவாயில் பாரிஸ் ஓபராவில் முழுவதையும் அமைத்தார். எல்லாம் நினைவிலிருந்து, உடம்பிலிருந்து.

ரஷ்ய பாலேக்காரர்கள், இந்தக் கலை காலிலிருந்து காலுக்குப் போகிறது என்பார்கள். ஆடி முடித்த பாலரீனா ஒத்திகை ஆசிரியராகி, தான் யாரிடம் கற்றாரோ அவர் சொன்னதை அடுத்தவளுக்குச் சொல்கிறார். செம்யோனவா 2010-இல் 101 வயதில் இறந்தார், தொண்ணூறு வயதைத் தாண்டியும் போல்ஷாயில் கற்றுக்கொடுத்தார். அவரிடம் படித்த நிக்கோலாய் திஸ்கரித்ஸே 2013 முதல் வகனோவா பள்ளியின் தலைவர். யோஹான்சன், வகனோவா, செம்யோனவா என்று நாலைந்து பெயரைச் சொன்னால் 19-ஆம் நூற்றாண்டுக்குப் போய்விடலாம். நட்டுவனார் வழிவந்த பாணிகளைப் பார்த்த நமக்கு இது புரியாத விஷயம் இல்லை.

ஆனால் உடம்பின் வழியாக வருவது அப்படியே வருமா? இங்கேதான் எனக்கு இந்த வரலாற்றிலேயே ரொம்பப் பிடித்த சிக்கல். 1890களில் ஸ்தெபானோவ் என்ற ஆட்டக்காரர் நடனத்தை இசைக்குறிப்பு போலத் தாளில் எழுதும் முறை ஒன்றை உருவாக்கினார். அந்த முறையில் பெட்டிபாவின் பல பாலேக்களை எழுதி வைத்தார்கள். புரட்சிக்குப் பின் நிக்கோலாய் செர்கெயெவ் என்பவர் அந்தக் கட்டுகளைத் தூக்கிக்கொண்டு வெளிநாடு போனார். 1930களில் லண்டனில் ‘ஜிசெல்’, ‘நட்கிராக்கர்’, ‘ஸ்லீப்பிங் பியூட்டி’ எல்லாம் அந்தத் தாள்களை வைத்துத்தான் மேடையேறின, இங்கிலாந்தின் பாலே அதன்மேல் எழுந்தது. இன்று அந்தக் கட்டுகள் அமெரிக்காவில் ஹார்வர்ட் பல்கலைக்கழகத்தில் இருக்கின்றன. 1999-இல் செர்கெய் விகாரெவ் அவற்றைப் படித்து, 1890-இன் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’யை மரீன்ஸ்கியில் மீட்டுக் கட்டினார், பிறகு ‘லா பாயதேர்’ பாலேயையும் அப்படியே மீட்டுக் கட்டினார். பார்த்த பலருக்கு அதிர்ச்சி. காலை அவ்வளவு உயரம் தூக்கவில்லை, அபிநயம் நிறைய, உடைகளின் நிறங்கள் கண்ணைப் பறிக்கின்றன, நிகழ்ச்சியும் நீளம். இது நம் பாலே இல்லை என்று மரீன்ஸ்கிக்குள்ளேயே எதிர்ப்பு.

யோசித்துப் பார்த்தால் இரு தரப்பிலும் நியாயம் இருக்கிறது. ‘லா பாயதேர்’ கடைசியில் கோவில் இடிந்து விழும் அங்கத்தைப் புரட்சிக்குப் பின் விட்டுவிட்டார்கள். சோலோரின் புகழ்பெற்ற தனியாட்டம் 1941-இல் சபுகியானி தனக்காக அமைத்துக்கொண்டது. எல்லாரும் ஆதியிலிருந்தே உண்டு என்று நினைக்கிற பொன் விக்கிரகத்தின் ஆட்டம் 1948-இல் ஜுப்கோவ்ஸ்கி சேர்த்தது. ‘ஸ்வான் லேக்’ 1895-இல் காதலர்கள் ஏரியில் மூழ்குவதோடு முடிந்தது, 1950-இல் கான்ஸ்டன்டின் செர்கெயெவ் அமைத்த வடிவத்தில் மந்திரவாதி தோற்றுக் காதலர்கள் வாழ்கிறார்கள், மரீன்ஸ்கியில் இன்றும் அப்படித்தான். எனக்கு மீட்டுக் கட்டிய வடிவங்களின் பக்கமே சாய்வு அதிகம். பெட்டிபா ஆறடி உயரத்துக்குத் தூக்கிய காலை வைத்துக் கதை சொல்லவில்லை என்பது அவற்றைப் பார்த்தால்தான் தெரிகிறது. அதேசமயம் சபுகியானியின் ஆட்டத்தை எடுத்துவிடு என்று யாராவது சொன்னால் எனக்கும் மனசு வராது.

அரசியலிலிருந்து இந்தக் கலைக்கு விடுதலையே கிடைத்ததில்லை. 1982-இல் பிரெஷ்னெவ் இறந்தபோது டிவியில் வழக்கமான நிகழ்ச்சிகளை நிறுத்திவிட்டு பாலேயும் சோக இசையும் போட்டார்கள், 1991 ஆகஸ்டில் கோர்பச்சேவுக்கு எதிராகச் சதி நடந்தபோது ‘ஸ்வான் லேக்’ திரும்பத் திரும்ப ஓடியது. அன்னங்கள் ஆடினால் மேலே ஏதோ நடக்கிறது என்று மக்கள் புரிந்துகொண்டார்கள். 2022 பிப்ரவரியில் உக்ரைன் மீது போர் தொடங்கியபோது, கியெவில் வளர்ந்து மாஸ்கோ போல்ஷாய் பள்ளியில் படித்த அலெக்சி ரத்மான்ஸ்கி போல்ஷாயில் புதிய படைப்பை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார், அப்படியே விட்டுவிட்டு வெளியேறினார். ‘பிரைட் ஸ்ட்ரீம்’ பாலேவுக்கு 2003-இல் போல்ஷாயில் மறுபடி உயிர் கொடுத்தவர் அவர்தான். அடுத்த மாதமே, வகனோவா பள்ளியில் படித்து போல்ஷாயின் முன்னணியில் இருந்த ஓல்கா ஸ்மிர்னோவா போரை வெளிப்படையாக எதிர்த்துவிட்டு ஆம்ஸ்டர்டாம் போய்ச் சேர்ந்தார்.

ஸ்தெபானோவின் குறிப்புகளைப் படித்து பெட்டிபாவை மீட்டுக் கட்டத் தெரிந்தவர்கள் உலகத்திலேயே விரல்விட்டு எண்ணும் அளவுதான். விகாரெவ் 2017-இல் இறந்துவிட்டார். ரத்மான்ஸ்கி தன் மனைவி தத்யானாவோடு சேர்ந்து அந்தக் குறிப்புகளைப் படிக்கக் கற்றுக்கொண்டவர், 2015-இல் ‘ஸ்லீப்பிங் பியூட்டி’யையும் 2016-இல் ‘ஸ்வான் லேக்’கையும் பழைய வடிவில் ரஷ்யாவுக்கு வெளியேதான் மேடையேற்றினார். 2023 முதல் அவர் நியூயார்க் சிட்டி பாலேயில் இருக்கிறார், பலன்ஷின் உருவாக்கிய குழுவில்.